கம்பியின் மேல் நிற்பது

டூவூம்பா, ஜூலை. மலைவிளிம்பில் மூடுபனி
ஒன்பது மணிக்கும் எழுந்திருக்கவில்லை.
நகராட்சியின் சின்னக் கூடம் வட்டமானது;
கட்டியவருக்கு மூலைகள் பிடிக்காமல் இருந்திருக்கும்.

கார்ப்பெட்டைச் சுருட்டிவிட்டு
செப்பு நாடாவைச் சுவரோரமாக ஒட்டிக்கொண்டே போய்
தொடங்கிய இடத்தில் கொண்டுவந்து முடித்திருக்கிறாள் டோன்யா.
முழங்காலில் பசை, காதில் பென்சில்.
"எனக்குத் தெரிந்த ஒரே செவிடு நீதான், வந்து சோதித்துக் கொடு"
என்று செய்தி அனுப்பியிருந்தாள்.
கோபம் வருமுன் ஆர்வம் முந்திக்கொண்டது.

செவிக்கருவியை 'டி'க்குத் தள்ளுகிறேன்.
பட்டென்று அணைகிறது உலகம்:
ஹீட்டர், கதவு, தெருவில் பின்வாங்கும் லாரி,
பக்கத்தில் எதையோ விளக்கிக்கொண்டிருக்கும் வாகீசன்.
பேச்சுக்கு அதிபதி என்று பெயர்;
தொட்டி மீன் மாதிரி வாயசைக்கிறான்.

டோன்யா சட்டைக் கழுத்திலிருக்கும் மைக்கைத் தட்டுகிறாள்.
என் நெற்றிக்குள் தட்டுகிறது.
கிடைத்த தாளை எடுத்து வாசிக்கிறாள்:
மஞ்சள் மூடித் தொட்டி, ஒரு வாரம் விட்டு ஒரு செவ்வாய்.
பச்சை மூடியில் புல்லும் இலையும் மட்டும்.
மெத்தைகள் எடுக்கப்படமாட்டா.

காற்று கொண்டுவந்த குரல் இல்லை இது.
மின்னாகிக் கம்பியைச் சுற்றி,
புலமாகித் தரையிலிருந்து எழுந்து,
என் காதுக்குப் பின்னால் அரிசியளவுச் சுருளில்
மறுபடி குரலானது.
மெத்தை எடுக்கமாட்டார்களாம். இவ்வளவு தெளிவாக
யாரும் எனக்கு எதையும் மறுத்ததில்லை.

வலது கை விரல்களை மடக்கி, பெருவிரலை நிமிர்த்தி
ஒருகாலத்தில் பரீட்சை அறையில் நாற்பது பேர்
ஆளில்லாத சுவருக்கு 'சபாஷ்' காட்டிக்கொண்டிருந்தோம்.
விரல்கள் மின்னோட்டம், பெருவிரல் புலம்.
மையத்தில் எவ்வளவு?
ஓட்டத்துக்கு நேர், ஆரத்துக்குத் தலைகீழ். இரண்டு மதிப்பெண்.

நடக்கிறேன். சுண்ணக்கட்டியால் தரையில் குறிக்கிறேன்:
தெளிவு, தெளிவு, சுமார்.
குழல்விளக்கின் கீழே ஒரு வண்டு முனகுகிறது; அதுவும் ஓர் ஓட்டந்தான்.
குறி போடக் குனிந்தால் குரல் மங்குகிறது.
நிமிர்ந்தால் வருகிறது.
மறுபடி குனிந்தேன். போயிற்று.
புலம் செங்குத்து, சுருளும் அதோடு நிற்கவேண்டும்,
சாய்ந்த அளவுக்கு இழப்பு. கொசைன், வேறொன்றுமில்லை.
ஆனால்
மருந்துக்கடையில், வங்கியில், பள்ளிக்கூட வாசலில்
'மன்னிக்கணும், இன்னொரு தடவை' என்று
பதினான்கு வருடம் முன்னால் வளைந்த கழுத்து இது.
அதற்குச் செய்தி போய்ச்சேரக் கொஞ்சம் நேரமாயிற்று.

விளிம்பில், நாடாவை ஒட்டி ஓரடி அகலத்துக்கு
ஒன்றுமே இல்லை.
அங்கே புலக்கோடுகள் படுத்துவிடுகின்றன,
நிற்கும் சுருளுக்குள் நுழைவதில்லை.
இன்னும் ஓர் எட்டு வெளியே வைத்தால்
திரும்பவும் மெலிதாகக் குரல், திசை மாறி.
காதுக்குத் திசை தெரியாது.

மையத்துக்கு வந்து இன்னொரு முறை சரிபார்த்தேன்.
அதற்குள் டோன்யா தாளைக் கீழே வைத்துவிட்டாள்.
மைக்கை அணைக்கவில்லை.
மேடை விளிம்பில் உட்கார்ந்து போனை எடுத்தாள்.
ஜன்னலோரம் வாகீசன்; அவனுக்கு அவள்
பத்து மீட்டர் தள்ளி முணுமுணுக்கும் ஒருத்தி.
எனக்கு மண்டைக்குள்:
"இல்லைம்மா. ஸ்கேனில் துடிப்பு இல்லையாம்.
இல்லை, வேலை முடிச்சிட்டுத்தான் வருவேன்.
அப்பாவிடம் நீயே சொல்லிடு."

பிறகு மூச்சு. வெறும் மூச்சு.

ஸ்விட்ச் காதிலேயே இருக்கிறது.
ஆனால் கை மேலே போனால் பார்ப்பாள்,
பார்த்தால் புரிந்துகொள்வாள்.
தலையைக் குனிந்தேன். போதவில்லை.
குறி தேடுகிறவள் போல மெதுவாக நடந்து
கம்பியின் மேல் ஏறி நின்றேன்.

தீயணைப்பானில் தொங்கிய அட்டையில்
சோதித்த தேதிகளை ஒவ்வொன்றாக வாசித்தேன்.
மார்ச், செப்டம்பர், மார்ச்.
முடிந்ததும் முதலிலிருந்து.

போன் மடிக்கு இறங்கிய பின்
அவள் நிமிர்ந்து பார்த்தாள். எப்படி இருக்கிறது என்று
உதடு கேட்டது.

வலது கை.
விரல்கள் மடங்க, பெருவிரல் மேலே.